அந்தி வெயிலில் பார்த்த வேன்

தை 17, சனி

சந்தையிலிருந்து வந்து கால் கழுவுவதற்குள் மருமகள் முப்பிடாதி டயரியும் பேனாவுமாக வந்து உட்கார்ந்துவிட்டாள். டயரி உரக்கடையில் சும்மா கொடுத்தது. எனக்கு எழுத்து வாசனை கிடையாது. நான் சொல்லச் சொல்ல அவள் எழுதுவாள். பிளஸ் டூ படித்தவள். நான் எப்படிப் பேசினாலும் பத்திரிகையில் வருகிற மாதிரி திருத்தித்தான் எழுதுவாளாம். அடுத்தவர் பேசினதை மட்டும் பேசினபடியே எழுது என்று சொல்லியிருக்கிறேன்.

மாசி 18 அன்று கோவில்பட்டி கோர்ட்டில் நான் சாட்சி சொல்ல வேண்டும். அதற்குத்தான் இந்த ஏற்பாடு. “தெனமும் கொஞ்சம் பேசிக்கிட்டே வாங்க மாமா. அங்க போயி நாக்குப் பெரளக் கூடாது” என்கிறாள். எனக்கா நாக்குப் புரளும்? நாற்பது வருஷத்துக்கு முன்னால் கைமாற்றிவிட்ட ஆட்டைக் கேட்டாலும் கொம்பு எந்தப் பக்கம் வளைந்தது, எந்தக் காலில் வெள்ளை என்று சொல்வேன். ஆட்டுத் தரகன் பெத்தணன் நிறம் சொன்னால் இந்த வட்டாரத்தில் மறுபேச்சு கிடையாது.

சரி, முதலிலிருந்து சொல்கிறேன்.

போன வருஷம் மாசி மாதம். பொழுது இறங்குகிற நேரம், ஆறு மணிக்கு மேல். ஊர் விலக்குக்கு, அதாவது மெயின் ரோட்டிலிருந்து ஊருக்குப் பிரிகிற இடத்துக்கு, கிழக்கே ரோட்டோரம் ஆடுகளை மேயவிட்டு நின்றிருந்தேன். எட்டயபுரம் பக்கமிருந்து பூவலிங்கம் மொபெட்டில் வந்தான். பூவலிங்கம் முப்பிடாதிக்கு ஒரே தம்பி. தீப்பெட்டி ஆபீசில் வேலை. வாராவாரம் அக்காளைப் பார்க்க வருவான். தூரத்திலேயே என்னைப் பார்த்துவிட்டுக் கையைத் தூக்கினான். அவனுக்குப் பின்னால் ஒரு வேன். ஒதுங்கவில்லை. வந்த வேகத்திலேயே அடித்தது. என்னைத் தாண்டி மேற்கே போய்விட்டது. நிற்கவே இல்லை.

வேன் மஞ்சள்.

இந்த இடத்தில் முப்பிடாதியின் பேனா நின்றுவிட்டது. எழுது தாயி என்றேன். ஆம்புலன்ஸ் வருவதற்குள் என் மடியிலேயே அவன் போய்விட்டான். அதை எழுத வேண்டாம் என்றேன். எழுதிவிட்டாள்.

அந்த ரோட்டில் அந்த நேரத்துக்குப் பிள்ளைகளை இறக்கிவிட்டுத் திரும்புகிற மஞ்சள் வேன் ஒன்றே ஒன்றுதான். பள்ளிக்கூட வேன். டிரைவர் ஜெயசிங். ஸ்டேஷனில் அந்த வேனைக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். இதேதான் என்றேன். முன்பக்கம் ஒரு விளக்கு உடைந்திருந்தது. பள்ளிக்கூட கேட்டில் இடித்தது என்று அவன் சொன்னான். யார் நம்புவார்கள்? உள்ளே வைத்து, பிறகு ஜாமீனில் விட்டார்கள். வேலை போயிற்று. லைசென்ஸையும் வாங்கிவைத்துவிட்டார்கள். மாசி 18 அன்று நான் சொல்லப்போகிற சொல்லில் அவன் மறுபடி உள்ளே போவான்.

போகட்டும்.

தை 18, ஞாயிறு

முப்பிடாதி கல்யாண வீட்டுக்குக் கருப்புச் சேலை கட்டிக்கொண்டு கிளம்பினாள். துஷ்டி வீட்டுக்கா போகிறாய் என்று சத்தம் போட்டேன். “நல்லாப் பாருங்க மாமா, இது கருநீலம்” என்றாள். ஜவுளிக் கடைக்காரன் கருப்புக்கு என்னென்னவோ பெயர் வைத்து விற்கிறான், இவளும் நம்பி வாங்குகிறாள்.

தை 22, வியாழன்

போலீஸ்காரர் வந்து சம்மன் கொடுத்துவிட்டுப் போனார். பெருவிரல் ரேகை வைத்தேன்.

முப்பிடாதி என்னைக் கூட்டிக்கொண்டு போய் அரசு வக்கீலைப் பார்த்தாள். வக்கீல் நல்ல மனுஷன்தான், ஆனால் பேசும்போது நம்மைப் பார்க்க மாட்டார், செல்போனைத்தான் பார்ப்பார். “பெரியவரே, நம்ம கேசுக்கு நீங்க ஒரே ஆளுதான். எதிர்த்தரப்பு வக்கீல் மொதல்ல உங்க கண்ணத்தான் புடிப்பாரு. வயசு என்ன, தூரத்துல இருக்கறது தெரியுமான்னு நோண்டுவாரு” என்றார்.

பஸ்ஸில் வரும்போதே இவள் ஆரம்பித்துவிட்டாள். “கண் ஆஸ்பத்திரிக்காரங்க முகாம் போடுதாக. புரை எடுத்துட்டு வந்துட்டா அந்த வக்கீல் வாயத் தொறக்க முடியாதுல்லா?” என் கண்ணுக்கு என்ன கேடு என்றேன். நேற்று முருங்கைக்காய் என்று நினைத்து எதிர்வீட்டில் தொங்கிய பிளாஸ்டிக் குழாயைப் பிடித்து இழுத்தேனாம். அதைச் சொல்லிச் சொல்லிப் பஸ்ஸில் சிரித்தாள். அவள் சிரித்து எத்தனையோ மாதம் ஆகிவிட்டது. அதனால் சிரித்துவிட்டுப் போகட்டும் என்று விட்டுவிட்டேன்.

தை 24, சனி

சந்தையில் மைதீன்பிச்சை பாய்க்கு ஒரு கிடாய் பேசிவிட்டேன். நல்ல உயரம், சந்தன நிறம். ஒரு சொட்டு மறு கிடையாது. அப்படித்தான் பாயிடம் முன்கூட்டியே சொல்லியும் அனுப்பியிருந்தேன். பாய் வந்து ஆட்டைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

“என்ன பெத்தணன், சந்தனம்னு சொன்னீரு?”

“ஆமா. சந்தனம்தான்.”

“ஏய்யா, பச்சப்புள்ள பல்லு மாதிரி வெள்ள வெளேர்னு நிக்குது. காலையிலயே ஊத்திக்கிட்டீரா?”

சுற்றி நின்றவர்கள் எல்லாம் சிரித்தார்கள். புழுதி படிந்திருந்தது பாய், அதனால் சந்தனமாகத் தெரிந்தது என்று சமாளித்தேன். புழுதிதான்.

ஆபரேஷனுக்குச் சம்மதம் சொல்லிவிட்டேன். முப்பிடாதியின் நச்சரிப்புத் தாங்காமல்தான். பாய் சொன்னதற்காக இல்லை.

தை 27, செவ்வாய்

முகாமில் சோதித்துவிட்டு அவர்கள் பஸ்ஸிலேயே ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனார்கள். வலது கண்ணுக்கு இன்று. இடது கண்ணுக்கு அடுத்த மாதம். வலிக்கவில்லை. கண்ணைக் கட்டிப் படுக்கவைத்திருக்கிறார்கள். பக்கத்துக் கட்டிலில் விளாத்திகுளத்துக் கிழவர் ஒருவர் விடாமல் பேசுகிறார். முப்பிடாதி தரையில் துண்டை விரித்து உட்கார்ந்து எழுதுகிறாள்.

தை 28, புதன்

கட்டைப் பிரித்தார்கள்.

எப்படிச் சொல்வது? முதலில் நான் பார்த்தது சுவர். இப்படி ஒரு வெள்ளையை நான் பார்த்ததே இல்லை. கண் கூசியது. நர்ஸ் பெண்ணின் உடுப்பில் ஒரு நீலம் ஓடுகிற மாதிரி இருந்தது. ஜன்னலுக்கு வெளியே வானம் அப்படி ஒரு நீலம். முப்பிடாதியைப் பார்த்தேன். தலையில் இத்தனை நரை எப்போது வந்தது?

டாக்டரம்மா சின்ன வயசு. எல்லாம் நீலமாகத் தெரிகிறதே, ஏதும் கெட்டுப்போயிற்றா என்று கேட்டேன். சிரித்தாள்.

“கெட்டுப்போனது பழைய லென்ஸ் தாத்தா. அது வருஷக்கணக்கா கொஞ்சம் கொஞ்சமாப் பழுத்து, டீ டிக்காஷன் மாதிரி ஆயிருந்துச்சு. டிக்காஷன் வழியாப் பாத்தா நீலம் உள்ள வராது. மஞ்சளும் சிவப்பும்தான் வரும். இப்ப சுத்தமான கண்ணாடி வெச்சிருக்கோம். அதான் நீலம் நல்லாத் தெரியுது. போகப் போகப் பழகிடும்.”

“பழுக்கிறது எனக்குத் தெரியாமலா போகும்?”

“ஒரே நாள்ல நடந்தா தெரியும். இருபது முப்பது வருஷமா மெதுவா நடந்தா எப்படித் தெரியும்? வெள்ளையைப் பாத்து வெள்ளைன்னுதான் நினைச்சிருப்பீங்க. சில நேரம் மஞ்சள்னும் நினைச்சிருப்பீங்க.”

விளாத்திகுளத்துக் கிழவர், “அப்ப என் பொண்டாட்டி கருப்பாத் தெரிஞ்சதும் இதனாலதானா?” என்று கேட்டார். வார்டே சிரித்தது. முப்பிடாதியும் சிரித்தாள்.

மாசி 1, வெள்ளி

வீட்டுக்கு வந்தாயிற்று. கருப்புக் கண்ணாடி, சொட்டு மருந்து, தலைக்குக் குளிக்கக் கூடாது, ஆட்டுக் கயிற்றைப் பிடித்து இழுக்கக் கூடாது. ஏகப்பட்ட சட்டம்.

கல்யாணத்துக்குக் கட்டிய சேலை கொடியில் காய்ந்தது. கருநீலம்தான்.

முப்பிடாதி தையல் மிஷினில் உட்கார்ந்திருந்தாள். நூல்கண்டு டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். வெள்ளைக் கண்டு ஒன்று, இளமஞ்சள் கண்டு ஒன்று. இடது கண்ணைப் பொத்திக்கொண்டால் வெவ்வேறு. வலது கண்ணைப் பொத்திக்கொண்டால் இரண்டும் ஒரு தாய் வயிற்றுக் குட்டிகள்.

“சின்னப்புள்ள மாதிரி என்ன மாமா வெளையாடுதீக? நூலு சிக்கிரும்” என்று டப்பாவை வாங்கி வைத்துவிட்டாள்.

மாசி 3, ஞாயிறு

சாயங்காலம் ஊர் விலக்கு வரைக்கும் சும்மா நடந்துவிட்டு வந்தேன். ஞாயிற்றுக்கிழமை, ரோட்டில் வண்டி குறைவு.

மாசி 4, திங்கள்

இன்றும் நடந்தேன். திரும்பி வர இருட்டிவிட்டது. கண்ணில் தூசி விழுந்தால் என்ன ஆவது என்று முப்பிடாதி வைதாள். ராத்திரி கஞ்சி மட்டும்.

மாசி 6, புதன்

ஜெயசிங்கின் பெண்சாதி எஸ்தர் வந்திருந்தாள். நான் உள்ளே படுத்திருந்தேன். முப்பிடாதி வாசலை மறித்துக்கொண்டு நின்றாள்.

“எதுக்கு வந்த?”

“தாத்தாவ ஒரு நிமிசம் பாக்கணும்க்கா.”

“பாத்து? காலப் புடிக்கப்போறியா, கையில எதுவும் திணிக்கப்போறியா?”

“ரெண்டும் இல்லக்கா. எங்க வீட்டுக்காரரு அன்னிக்கு ஆறு மணிக்கே வேன ஷெட்டுல விட்டுட்டு வந்துட்டாரு. வாட்ச்மேன் பாத்தாரு. ஆனா அவரு பள்ளிக்கூடத்துச் சம்பளம் வாங்குதவரு, வந்து சொல்ல மாட்டேங்காரு. தாத்தா இன்னொரு தடவ நல்லா யோசிச்சுப் பாக்கட்டும்னு கேக்கத்தான் வந்தேன்.”

“எங்க மாமா யோசிச்சுச் சொல்லுத ஆளு இல்ல. பாத்தா பாத்ததுதான். என் தம்பி மண்ணுக்குள்ள கெடக்கான். ஒன் புருசன் உன் வீட்டுல சோறு திங்கான். அது உனக்குப் பத்தலையோ? போடி. இந்த வாசல்ல இனிமே உன் நெழலு விழக் கூடாது.”

இன்னும் பேசினாள். அதை எல்லாம் எழுத வேண்டாம் என்கிறாள். எஸ்தர் முழுவதையும் கேட்டுவிட்டுத்தான் போனாள்.

நான் எழுந்து வரவில்லை. சொட்டு மருந்து விட்ட நேரம், கண்ணைத் திறக்கக் கூடாது.

மாசி 8, வெள்ளி

கண்ணைக் காட்டுவதற்கு ஆஸ்பத்திரி. நன்றாக ஆறியிருக்கிறதாம். மருந்து வாங்குகிற இடத்தில் கூட்டம். முப்பிடாதி அங்கே வரிசையில் நின்றபோது டாக்டரம்மாவோடு சும்மா பேசிக்கொண்டிருந்தேன்.

நீங்கள் என் கண்ணுக்குள்ளே மஞ்சள் இருந்தது என்கிறீர்கள், சரி. சாயங்காலம் பொழுதே மஞ்சளாக, சிவப்பாக ஆகிறதே, அதற்கும் புரை விழுகிறதா என்று கேட்டேன்.

“நல்லாக் கேட்டீங்க தாத்தா. சூரியன் மாறுறதே இல்ல. வெயில்ல எல்லா நிறமும் கலந்துதான் வருது. நீலம்தான் மத்ததைவிட அதிகமாக் காத்துல பட்டு நாலாபக்கமும் சிதறிடும். அந்தச் சிதறின நீலத்தைத்தான் வானம்னு பாக்குறோம். உச்சி நேரத்துல வெளிச்சம் கொஞ்ச தூரம்தான் காத்துக்குள்ள வருது. சாயங்காலம் சாஞ்சு வர்றதால ரொம்ப ரொம்ப தூரம் வரணும். வர்ற வழியில நீலம், பச்சை எல்லாம் சிதறிப்போயிடும். நம்மகிட்ட வந்து சேர்றது மஞ்சளும் சிவப்பும்தான்.”

எனக்குப் புரிந்துவிட்டது. தூரத்துச் சந்தைக்கு மந்தை ஓட்டுகிற மாதிரி. கிட்டத்தில் என்றால் குட்டி, மறி என்று சின்னதெல்லாமும் முழுசாகப் போய்ச் சேரும். நெடுவழி நடந்தால் சின்னதெல்லாம் காட்டுக்குள் சிதறிவிடும், பெரிய கிடாய்கள்தான் சந்தை வாசல் வரைக்கும் வரும். இப்படிச் சொன்னதும் டாக்டரம்மா, “அதேதான் தாத்தா, நீலம் உங்க குட்டி, சிவப்பு உங்க கிடா” என்றாள்.

எழுதிவிட்டு முப்பிடாதி கேட்கிறாள்: “இதெல்லாம் எதுக்கு மாமா அந்தம்மாட்டக் கேட்டீக?”

பொழுது போகவில்லை, கேட்டேன்.

மாசி 11, திங்கள்

அரசு வக்கீல் ஒத்திகை பார்த்தார்.

“என்ன நேரம்?”

“பொழுது இறங்குத நேரம்.”

“வேன் என்ன நிறம்?”

தண்ணீர் குடித்தேன். “மஞ்சள்” என்று முப்பிடாதி சொன்னாள்.

“நீ சொல்லக் கூடாதும்மா. அவர்தான் சொல்லணும். பெரியவரே, யோசிக்கிற மாதிரி நிக்காதீங்க. பட்டுன்னு சொல்லிடுங்க.”

திரும்பி வரும்போது விலக்கில் இறங்கி நடந்தோம். திடீரென்று, “மாமா, அந்த வேன் சைடுல எழுத்து இருந்துச்சா?” என்று கேட்டாள். பள்ளிக்கூட வேன் என்றால் பக்கவாட்டில் பெரிசாகப் பெயர் எழுதியிருக்குமாம். இதை ஒரு வருஷமாக யாரும் என்னிடம் கேட்கவில்லை. எனக்கு எழுத்து கண்ணில் படாது. சுவரில் எழுதியிருந்தாலும், பஸ்ஸில் எழுதியிருந்தாலும் வெடிப்பைப் பார்க்கிற மாதிரி தாண்டிப் போய்விடுவேன். இருந்ததா, இல்லையா? ஆட்டின் காது ஓட்டையைக் கூட நினைவில் வைத்திருக்கிறவனுக்கு இது தெரியவில்லை.

“கேள்வி மேல கேள்வி கேட்டுக் கொல்லாத” என்று வைதுவிட்டேன். ஒரு நாளும் அவளை அப்படிப் பேசினவன் இல்லை.

மாசி 13, புதன்

செவலை ஆடு இரண்டு குட்டி போட்டது. இன்று வேறு ஒன்றும் இல்லை.

மாசி 15, வெள்ளி

தாயி, இன்று நான் சொல்வதை நிறுத்தாமல் எழுது. பாதியில் எழுந்திருக்கக் கூடாது.

மாசி 3-ம் தேதியும் 4-ம் தேதியும் சும்மா நடந்தேன் என்று எழுதச் சொன்னேன். சும்மா போகவில்லை. பூவலிங்கம் விழுந்த அன்றைக்கு எங்கே நின்றேனோ அதே இடத்தில், அதே நேரத்துக்கு, அதே மாதிரி கிழக்கே பார்த்து நின்றேன். பொழுது எனக்கு முதுகுப்பக்கம். அந்தச் சிவந்த வெயில் எதிரே வருகிற வண்டியின் முகத்தில் நேராக விழும். அதனால்தான் மேற்கே போகிற டிரைவருக்குக் கண்ணே தெரியாது. பூவலிங்கத்தை அடித்தவனுக்கும் அப்படித்தான் தெரியாமல் போயிருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை பால் வேன் வந்தது. வெள்ளை வேன், எல்லோருக்கும் தெரியும். வலது கண்ணைப் பொத்திக்கொண்டு பழைய கண்ணால் பார்த்தேன்.

மஞ்சள்.

கையை எடுத்துப் புதுக் கண்ணால் பார்த்தேன். வெள்ளை. லேசாகப் பொன் பூசின வெள்ளை.

மனசு கேட்கவில்லை. திங்கட்கிழமை பள்ளிக்கூட வேன் வரும் என்று மறுபடி போனேன். முதலில் பள்ளிக்கூட வேன், கொஞ்சம் கழித்துப் பால் வேன். பழைய கண்ணுக்கு இரண்டும் ஒரே வேன். ஸ்டேஷனில் கொண்டுவந்து நிறுத்தினால் இரண்டையும் இதேதான் என்று சொல்லியிருப்பேன்.

எழுதுகிறாயா?

“எழுதுதேன். சொல்லுங்க.”

ஆஸ்பத்திரியில் நீ மருந்து வாங்கப் போயிருந்தபோது டாக்டரம்மாவிடம் இன்னொன்றும் கேட்டேன். அந்த அந்தி வெளிச்சத்தில் ஒரு வெள்ளைச் சாமானை வைத்தால் என்ன நிறமாகத் தெரியும் என்று கேட்டேன். “வெள்ளைக்குன்னு தனி நிறம் கிடையாது தாத்தா. எந்த வெளிச்சம் விழுதோ அதை அப்படியே திருப்பி அனுப்பும். மஞ்சள் விழுந்தா மஞ்சள்தான் வரும். நல்ல கண்ணு இருந்தா மூளை கொஞ்சம் சரிபண்ணி, இது வெள்ளைன்னு கண்டுபிடிச்சிடும். உங்க பழைய கண்ணுல கண்டுபிடிக்கிறது கஷ்டம்” என்றாள். வழியிலேயே நீலத்தைத் தொலைத்துவிட்டு வந்த வெளிச்சம். மிச்சம் மீதி இருந்ததையும் என் கண் உள்ளே விடவில்லை. அப்படிப் பார்த்ததைத்தான் ஒரு வருஷமாக அடித்துச் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

“அப்ப அது மஞ்ச வேன் இல்லையா?”

மஞ்சளாகவும் இருக்கலாம். வெள்ளையாகவும் இருக்கலாம். எனக்குத் தெரியாது.

“ஒங்களுக்குத் தெரியாதா? ஒங்களுக்கா மாமா?”

தெரியாது.

“எஸ்தர் வந்து நின்னப்ப ஒங்களுக்கு இது தெரியும். அதுக்கு ரெண்டு நாளு முன்னாடியே தெரியும். நான் அவள அந்தப் பேச்சுப் பேசுதேன், நீங்க கண்ண மூடிக்கிட்டு உள்ள படுத்துக் கெடந்தீக.”

ஆமாம்.

“கண்ணுல மருந்துன்னு என் கையாலயே எழுத வச்சீக.”

ஆமாம். அதையும் எழுது.

“எழுதிக்கிட்டுத்தான் இருக்கேன். இந்த ஆபரேசனுக்கு நானே உங்கள இழுத்துக்கிட்டுப் போனேன் பாருங்க. நானே போனேன்.” முந்தானையால் பேனாவைத் துடைத்தாள். “எனக்கு ஒருத்தன் வேணும் மாமா. காலையில எந்திரிச்சதும் அவன் பேரச் சொல்லித்தான் நான் அடுப்பே பத்த வைக்கேன். என் தம்பியக் கொன்னவன் இவன்னு ஒருத்தன் இருந்தான். அவனையும் எடுத்துட்டீகன்னா நான் இனிமே யார வைய?”

என்னை வை.

பேனாவை வைத்துவிட்டு எழுந்து தொழுவுக்குப் போனாள். குட்டிகள் கத்துகிற சத்தம் கேட்டது. ரொம்ப நேரம் கழித்து வந்து உட்கார்ந்தாள். எழுதினதை ஒரு தடவை படித்துக் காட்டு என்றேன். படித்தாள். ஒரு சொல் கூட விடவில்லை.

மாசி 17, ஞாயிறு

நேற்று எழுதவில்லை. பேசினால்தானே எழுதுவதற்கு. சோறு வைக்கிறாள். வேளை தவறாமல் சொட்டு மருந்து விடுகிறாள். கண்ணைப் பார்க்கிறாள், என்னைப் பார்ப்பதில்லை.

திருப்பூரில் வேலை பார்க்கிற மகன் செல்லச்சாமி, முப்பிடாதியின் புருஷன், போன் பண்ணினான். அவள்தான் சொல்லியிருப்பாள் போல.

“அப்பா, ஊரு என்ன பேசும்னு தெரியுமா? எதிர்த்தரப்புல வாங்கிட்டாருன்னு பேசும். சந்தையில ஒரு பய ஒங்ககிட்ட ஆட்டக் காட்ட மாட்டான். முப்பிடாதி சொந்தக்காரங்க நம்ம வாசப்படி மிதிக்க மாட்டாங்க. போனமா, மஞ்சள்னு சொன்னமா, வந்தமான்னு இருங்க.”

“அந்த டிரைவர் பையன் அடிக்கலைன்னா?”

“அடிச்சிருந்தான்னா?”

போனை அவளிடம் கொடுத்தேன். அவள் வாங்கி, “நாளைக்குக் காலையில ஆறரை வண்டிக்குப் போறோம்” என்று மட்டும் சொல்லிவிட்டு வைத்துவிட்டாள்.

இதை எழுதச் சொன்னதும் எழுதிவிட்டாள். என்ன நினைக்கிறாள் என்று தெரியவில்லை.

மாசி 18, திங்கள்

வெளுத்த வேட்டி எடுத்து வைத்திருந்தாள். கட்டிக்கொண்டேன்.

கோர்ட்டில் மத்தியானம் வரைக்கும் வராந்தாவில் உட்கார்ந்திருந்தோம். எதிர்ச் சுவரோரம் ஜெயசிங் நின்றான். ஸ்டேஷனில் பார்த்ததற்கு இப்போது பாதியாக இருந்தான். எஸ்தர் எங்களைப் பார்த்ததும் தலையைக் குனிந்துகொண்டாள். முப்பிடாதி குனியவில்லை. ஆனால் முறைக்கவும் இல்லை.

என்னைக் கூப்பிட்டார்கள். கூண்டில் ஏறினேன். ஜட்ஜம்மா, “உக்காந்துக்கிறீங்களா பெரியவரே?” என்றார். வேண்டாம் என்றேன். அரசு வக்கீல் பேர், ஊர், என்ன பார்த்தேன் எல்லாம் கேட்டார். அவன் கையைத் தூக்கினது, வேன் அடித்தது, என்னைத் தாண்டிப் போனது, எல்லாம் சொன்னேன்.

“வேன் என்ன நிறம்?”

“அன்னிக்கு மஞ்சளாத் தெரிஞ்சுது சார்.”

“சரி. மஞ்சள் நிற வேன்.”

“மஞ்சளாத் தெரிஞ்சுதுன்னேன். மஞ்சள்னு இன்னிக்கு என்னால சத்தியம் பண்ண முடியாது.”

வக்கீல் முதல் தடவையாக என்னை நேராகப் பார்த்தார். ஜட்ஜம்மா பேனாவை நிமிர்த்திக்கொண்டு, ஏன் என்று கேட்டார். பொழுதைச் சொன்னேன். கண்ணைச் சொன்னேன். பால் வேனையும் பள்ளிக்கூட வேனையும் சொன்னேன். ஆஸ்பத்திரிச் சீட்டை முப்பிடாதி பையிலிருந்து எடுத்துக் கொடுத்தாள். நான் கேட்கவில்லை, அவளாகவே கொண்டுவந்திருந்தாள்.

“பெரியவரே, எதிர்த்தரப்புல யாராவது உங்களப் பாத்தாங்களா?” அரசு வக்கீலின் குரல் மாறிவிட்டது.

“அந்தப் பொண்ணு வந்துச்சு. என்னப் பாக்கல. எங்க மருமக வெரட்டி விட்டுட்டா.”

“பயமுறுத்துனாங்களா? ஏதாவது குடுத்தாங்களா?”

“இல்ல.”

“அப்ப போலீஸ்ல சொன்னது பொய்யா?”

“பொய் சொல்லல சார். தப்பாப் பாத்திருக்கேன். பாத்தது தப்பா இருக்கலாம்னு அப்ப எனக்குத் தெரியாது.”

பிறழ்சாட்சி என்று அரசு வக்கீல் சொன்னார். எனக்கு அந்த வார்த்தை தெரியாது. முப்பிடாதி எழுதும்போது அர்த்தம் சொன்னாள். எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து, என்னிடம் கேட்க ஒன்றும் இல்லை என்று உட்கார்ந்துவிட்டார். கேஸை அடுத்த மாதத்துக்குத் தள்ளிவைத்தார்கள். இனிமேல் இது நிற்காது என்று வராந்தாவில் பேசிக்கொண்டார்கள்.

படியிறங்கும்போது ஜெயசிங் கிட்டத்தில் வந்தான். நன்றி சொல்லப்போகிறான் என்று நினைத்து வேண்டாம் தம்பி என்று கையெடுத்தேன்.

“ஒரு வருசம், தாத்தா” என்றான். அவ்வளவுதான். போய்விட்டான். எஸ்தர் மட்டும் போகிற போக்கில் நின்று முப்பிடாதியைப் பார்த்தாள். “அன்னிக்கு ரொம்பப் பேசிட்டேன்” என்று முப்பிடாதி சொன்னாள். எஸ்தர் தலையை ஆட்டினாள்.

ஊர் விலக்கில் இறங்கும்போது பொழுது சாய்ந்துவிட்டது. பஸ் போனபிறகு ரோட்டில் யாரும் இல்லை. முப்பிடாதி ஊரைப் பார்த்துத் திரும்பாமல் கிழக்கே ரோட்டோரமாக நடந்தாள். நானும் பின்னால் நடந்தேன். பூவலிங்கம் விழுந்த இடத்துக்கு இந்த ஒரு வருஷத்தில் அவள் வந்ததே இல்லை.

“இதுதானா?”

“இன்னும் கொஞ்சம் அங்கிட்டு. அந்த வேலி மரத்துக்கு நேரா.”

அங்கே போய் நின்றாள். கீழே பார்க்கவில்லை. ரோட்டைத்தான் பார்த்தாள். எட்டயபுரம் பக்கமிருந்து ஒரு வண்டி வந்துகொண்டிருந்தது. வெயில் அதன் முகத்தில் முழுசாக அடித்து ஒரு தீக்கங்கு மாதிரி வந்தது. அவள் சேலை முந்தானையைக் கண்ணுக்கு மேலே பிடித்துக்கொண்டு பார்த்தாள். கடைசியில் என் பக்கம் திரும்பினாள். மூன்று நாளைக்குப் பிறகு இப்போதுதான் என் முகத்தைப் பார்த்தாள்.

“என்ன நெறம் மாமா?”

“கிட்ட வரட்டும் தாயி” என்றேன்.

இரண்டு பேரும் நின்றோம்.